சாவைத் தள்ளி வைத்த ஊர்

போன மாதம் அருப்புக்கோட்டையில் ஒரு கல்யாண வீட்டில் இரண்டு பெண்கள் என்னைத் தேடி வந்து பக்கத்து நாற்காலிகளில் உட்கார்ந்தார்கள். கல்லூரியில் படிக்கிறவர்கள். கைபேசியிலேயே நையாண்டி வீடியோ எடுத்துப் போடுகிறார்களாம்.

"உங்க பழைய நிகழ்ச்சியில தண்ணித் தொட்டி நடந்து தாலுகா ஆபீசுக்குப் போயி மனுக் குடுக்குமே, அத எப்படி எடுத்தீங்க ஆன்ட்டி? இப்ப நாங்க கம்ப்யூட்டர்ட்ட சொன்னா அதுவே போட்டுத் தருது. அப்ப அதெல்லாம் இல்லையே?" என்றாள் ஒருத்தி.

"உள்ள மூணு பேரு நின்னு தூக்கிட்டு நடந்தாக" என்றேன். சிரித்தார்கள். மற்றவள், "ஊர்ல எல்லாரும் தெரிஞ்சவுக. பயமா இல்லையா?" என்று கேட்டாள். அதற்குள் பந்திக்குக் கூப்பிட்டுவிட்டார்கள். இலையில் உட்கார்ந்துகொண்டு சொல்லக்கூடிய பதிலும் இல்லை அது. அதனால் எழுதுகிறேன்.

எனக்குப் பந்தல்குடி. அப்பா தூத்துக்குடி ரோட்டோரத்தில் லாரிகளுக்குப் பஞ்சர் ஒட்டுவார். பன்னிரண்டாவது முடித்து, தட்டச்சு பாஸ் பண்ணி, அருப்புக்கோட்டையில் ஓர் உள்ளூர் கேபிள் சேனலில் வேலைக்குச் சேர்ந்தேன். டிவியின் அடியில் எழுத்து ஓடுமே, அதைத் தட்டும் வேலை. பிறந்தநாள் வாழ்த்து, காணாமல் போன மாடு, ஆடித் தள்ளுபடி, கண்ணீர் அஞ்சலி. சின்ன சேனலில் ஆள் கிடையாது. கேமராக்காரர் லீவு போட்ட அன்றைக்குக் கேமரா பிடித்தேன். செய்தி வாசிக்கிற பெண்ணுக்குக் கல்யாணமானபோது செய்தி வாசித்தேன். வெட்டி ஒட்டவும் பழகினேன். எனக்குக் கிடைத்த பயிற்சி அவ்வளவுதான்.

சேனலின் முதலாளியை நாங்கள் அண்ணாச்சி என்றுதான் கூப்பிடுவோம். பாத்திரக் கடை வைத்திருந்தார். கீழே கடை, மேலே சேனல். உயரமான, பேச்சுக் குறைந்த மனிதர். அவர் வாய்விட்டுச் சிரித்து நான் பார்த்ததில்லை. சிரிப்பு நிகழ்ச்சி நடத்திய அத்தனை வருடமும் பார்த்ததில்லை.

அந்த நிகழ்ச்சி தொடங்கியதும் ஒரு கோபத்தில்தான். ஒரு கோடையில் நான் குடியிருந்த தெருவின் குழாய் மாதக்கணக்காக வறண்டு கிடந்தது. மனுக் கொடுத்துக் கொடுத்துச் சலித்துப்போய், ஒருநாள் அஞ்சலிகளுக்கு நடுவே நானாக ஒன்றைத் தட்டி ஓடவிட்டேன். "எங்கள் தெருவின் அன்புக் குழாய் இயற்கை எய்தியது. கண்ணீர் விட விரும்புவோர் குடத்தில் விடவும். இவண், வருந்தும் குடங்கள்." மத்தியானமே கீழிருந்து ஆள் வந்தது, அண்ணாச்சி கூப்பிடுகிறார் என்று. வேலை போயிற்று என்று நினைத்துக்கொண்டுதான் இறங்கினேன்.

"இத எழுதுனது யாரு?"

"நாந்தேன் அண்ணாச்சி."

"கொழாயில தண்ணி வரலங்கிறது நெசமா?"

"எங்க தெருதான் அண்ணாச்சி. தெனமும் குடத்தோட நிக்கிறேன்."

"அப்ப எதுக்கு எழுத்துல ஓட விடுற? ஆள வச்சு எடு. குழாய்க்கு மால போடு, கொட்டு வையி, தெருப் பொம்பளைகள ஒப்பாரி வைக்கச் சொல்லு" என்றார்.

எடுத்தோம். 'கோணல் செய்தி' என்று பெயர் வைத்து ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போட்டோம். குழாய்க்குப் பதினாறாம் நாள் காரியம் செய்வதற்குள் தண்ணீர் வந்துவிட்டது. அதன்பிறகு வாரம் ஒன்று.

வேலை நடந்த விதத்தைச் சொல்லிவிடுகிறேன். திங்கட்கிழமை காலையில், கடைக்குப் பின்னால் பாத்திரம் அடுக்கியிருக்கும் குடோனில் உட்கார்ந்து எழுதியதை வாசிப்போம். அண்ணாச்சி ஒரு பித்தளைச் செம்பை மடியில் வைத்துத் துணியால் துடைத்துக்கொண்டே கேட்பார். துடைக்கிற கை எந்த இடத்தில் நிற்கிறதோ அந்த இடத்தில் ஏதோ இருக்கிறது என்று அர்த்தம். நல்லதா கெட்டதா என்பதை அவர் வாய் திறந்தால்தான் தெரியும். பெரும்பாலும் கேள்விதான் கேட்பார். "இது நடந்துச்சா? நீ போயிப் பாத்தியா?" கற்பனையில் தொட்டி நடக்கலாம், ரோடு பறக்கலாம். ஆனால் அந்தத் தொட்டியில் தண்ணீர் ஏறவில்லை என்பதை நான் நேரில் போய்ப் பார்த்திருக்க வேண்டும். எந்த மனிதரின் பெயரும் வரக் கூடாது. ஒருவருடைய உடம்பையோ நடையையோ திக்குவாயையோ வைத்துச் சிரிக்க வைத்தால் வாசிப்பை அங்கேயே நிறுத்திவிடுவார். "அது அவன் செஞ்சதில்ல. அவன் செஞ்சத எடு" என்பார்.

இந்த வரம்புக்குள் நின்றுகொண்டுதான் எல்லாம் எடுத்தோம். அமைச்சர் வரும்போது மட்டும் பாயைப் போல விரித்து, போனதும் சுருட்டிப் பஞ்சாயத்து பீரோவில் வைத்துப் பூட்டுகிற தார் ரோடு. கறுப்புத் தார்ப்பாயில் சுண்ணாம்புக் கோடு போட்டு அதைச் செய்தோம். தேர்தலில் நிற்கிற சீமைக்கருவேல மரம் ஒன்று. "கண்மாய் கண்மாயாக எனக்குத்தான் செல்வாக்கு, நான் ஓட்டுக் கேட்டு வர வேண்டியதே இல்லை, ஏற்கெனவே உங்கள் ஊரில்தான் இருக்கிறேன்" என்று பேசும். மரமாக நடித்தது முனியாண்டி. பஜாரில் லோடு ஆட்டோ ஓட்டுகிறவர், பரளச்சி பக்கத்து ஊர்க்காரர். முதல் தடவை நிஜ முள்ளையே கட்டிவிட்டோம். "அக்கா, வேட்பாளருக்கே குத்துது" என்று கத்தினார். பிறகு தென்னை நாரில் செய்தோம். அது ஒளிபரப்பான மறுநாள் ஒரு கட்சிப் பிரமுகர் கடைக்கு வந்து, "அண்ணாச்சி, அந்த மரம் நாந்தானே?" என்று நேராகவே கேட்டார். அண்ணாச்சி அவரை ஏற இறங்கப் பார்த்து, "கண்மாயில நீங்களா மொளச்சிருக்கீக?" என்றார். வந்தவர் ஒரு குக்கரை விலை கேட்டுவிட்டுப் போனார்.

இவையெல்லாம் சிரித்துக்கொண்டே தாண்டியவை. கஷ்டமான ஒன்று பிற்பாடு வந்தது.

ஓர் ஐப்பசி. விடாத மழை. திங்கட்கிழமை வாசிப்புக்கு வந்த முனியாண்டி ஓரமாகப் போய் உட்கார்ந்தார். காலில் துணி சுற்றியிருந்தது. கேட்டதற்கு, "பெரியப்பா தவறிட்டாரு" என்றார். பிறகு மெதுவாகச் சொன்னார்.

அவர்களுடைய காலனியிலிருந்து சுடுகாட்டுக்கு ஒரு வண்டிப்பாதை உண்டு. வரைபடத்திலும் இருக்கிறது, ஊரில் எல்லோருக்கும் தெரியும். சில வருடங்களுக்கு முன் அந்தப் பக்கம் நிலம் வாங்கி எலுமிச்சைத் தோட்டம் போட்ட ஒருவர், பாதையையும் சேர்த்துக் கல் ஊன்றிக் கம்பிவேலி போட்டுவிட்டார். குறைதீர்க்கும் கூட்டத்துக்கெல்லாம் போய் வந்துவிட்டார்கள். கோடையில் இறந்தால் பக்கத்துப் புஞ்சை வழியாகத் தூக்கிக்கொண்டு போகலாம். மழையில் கரிசல் மண் முழங்கால்வரை இழுக்கும். பாடையைத் தூக்கிய நால்வரில் முனியாண்டியும் ஒருவர். நடுப் புஞ்சையில் முன்னால் போனவர் புதைந்தார், பாடை சாய்ந்தது, முனியாண்டிக்குக் கால் பிசகியது, பெரியப்பா சேற்றில் விழுந்தார்.

"குளிப்பாட்டிக் கொண்டு போனோம் அக்கா. அங்க போயி மறுபடி மழைத் தண்ணியிலதான் மூஞ்சியக் கழுவுனேன்."

அண்ணாச்சியின் செம்பு மடியில் கிடந்தது. வேலி போட்டவர் யார் என்று முனியாண்டிக்கும் தெரியும், எனக்கும் தெரியும். அண்ணாச்சியின் மகளைக் கட்டிக்கொடுத்த வீடு. காரியாபட்டியில் வியாபாரம் பண்ணுகிற சம்பந்தி. எங்கள் சேனலுக்கு விளம்பரம் தருகிறவரும் அவர்தான்.

நான் அண்ணாச்சியைப் பார்த்து, "இத எழுதப் போறேன்" என்றேன். அனுமதி கேட்கிற குரலில் சொல்லவில்லை. அவர் எழுந்து வேட்டியைச் சரி செய்துகொண்டு, "எழுதிக் கொண்டா. கேப்போம்" என்று மட்டும் சொன்னார்.

அடுத்த நாளே எழுதிக் கொண்டுபோய் வாசித்த முதல் கதை தோற்றுப்போனது. பிணம் பாடையிலிருந்து எழுந்து தாலுகா ஆபீசுக்கு நடந்து போகிற மாதிரி எழுதியிருந்தேன். அண்ணாச்சி முழுக்கக் கேட்டார். "இதுல நீ அழுகுற. நம்ம அழுதா அவுக பாட்டுக்குக் கண்ணத் தொடைக்கத் துண்டக் குடுத்துட்டுப் போயிருவாக. வேற எழுது" என்றார். சம்பந்திக்காகத் தட்டிக் கழிக்கிறார் என்று எனக்குள் ஓர் எரிச்சல். வாசித்ததை மறுபடி எடுத்துப் பார்த்தேன். அவர் சொன்னது சரிதான்.

மறுநாள் முனியாண்டியின் லோடு ஆட்டோவில் அந்த ஊருக்குப் போனேன். ஊர்ப் பெயரை இங்கே எழுதப் போவதில்லை, அப்போதும் சொல்லவில்லை. வேலியைப் பார்த்தேன். புஞ்சையில் காலடித் தடங்கள் இன்னும் பள்ளமாக இருந்தன, தண்ணீர் கட்டிக் கிடந்தது. பெரியப்பாவின் மனைவி இருளாயி வீட்டு முன்னால் பெண்கள் நாலைந்து பேருடன் உட்கார்ந்திருந்தார். கேமராவைப் பார்த்ததும் ஒருத்தி முந்தானையை எடுத்துக் கண்ணருகே கொண்டு போனாள். இருளாயி அவள் கையைப் பிடித்து இறக்கினார்.

"அழுகுறதப் படம் புடிச்சு நெறைய பேரு கொண்டு போயிட்டாக தாயி. நீயும் அதுக்குத்தேன் வந்தியா?"

"இல்லம்மா. என்ன செய்யிறதுன்னு தெரியாமத்தான் வந்தேன்."

"நாங்க ஒரு முடிவு எடுத்திருக்கோம்" என்றார் இருளாயி. பக்கத்திலிருந்தவள் அதற்குள் சிரிக்க ஆரம்பித்திருந்தாள். இருளாயி அவளைக் காட்டியபடி தொடர்ந்தார். "பாதை வார வரைக்கும் இந்த ஊர்ல ஒருத்தரும் சாகுறதில்லன்னு. இவளுக்கு நெஞ்சு வலி. பொறுத்துக்கோடி, ரோடு வரட்டும், மொத ஆளா ஒன்னத்தேன் அனுப்புறதுன்னு சொல்லியிருக்கோம்."

எல்லோரும் சிரித்தார்கள். இருளாயியும் சிரித்தார். கணவர் போய் ஒரு வாரம்கூட ஆகவில்லை. நான் குடோனில் உட்கார்ந்து தேடிக்கொண்டிருந்ததை இவர்கள் ஏற்கெனவே செய்து முடித்துவிட்டு உட்கார்ந்திருந்தார்கள்.

"இதையே எடுக்கட்டுமா? நீங்களே நடிக்கிறீகளா?" என்றேன்.

பெண்களுக்குள் பேச்சு நடந்தது. ஒருத்தி வேண்டாம் என்றாள், ஊர் சிரிக்கும் என்றாள். "ஊரு சிரிக்கட்டும். யாரப் பாத்துச் சிரிக்கிதுன்னு இவ பாத்துக்கிருவா" என்று இருளாயி என்னைக் காட்டினார். பிறகு என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஒண்ணு மட்டும் கேக்கேன். செத்தவரா ஒரு ஆளு வருவாருல்ல? அவருக்கு ஒரு வார்த்த குடு. இருக்கையில அவரப் பேச விட்டதில்ல ஒருத்தரும்" என்றார்.

அந்த வாரம் எழுதியது இதுதான். ஓர் ஊரில் சாவைத் தள்ளி வைத்துவிடுகிறார்கள். சாக வேண்டியவர்களுக்கெல்லாம் டோக்கன் கொடுத்தாயிற்று. டாக்டர் கைவிட்ட கிழவி, "இன்னைக்கு முடியாது தம்பி, எனக்கு முன்னால ஆளு இருக்காக" என்கிறாள். பூமாலைக்காரர் வியாபாரம் படுத்துவிட்டது என்று புகார் கொடுக்கிறார். செய்தி மேலிடம் வரை போகிறது. சாவே இல்லாத கிராமமா என்று மேலதிகாரி கேடயத்துடன் பாராட்ட வருகிறார். முன்வரிசையில், மூக்கில் பஞ்சும் கழுத்தில் மாலையுமாக ஒருவர் விறைத்து உட்கார்ந்திருக்கிறார். "இந்தப் பெரியவர் ஏன் கை தட்டவில்லை?" என்று அதிகாரி கேட்கிறார். "அவுக செத்துப் போயி நாளாச்சுங்க. பாதைக்காகக் காத்திருக்காக" என்கிறார்கள். அதிகாரி உதவியாளர் பக்கம் திரும்பி, "இவரைக் கணக்கில் சேர்க்க வேண்டாம், கேடயம் கெட்டுவிடும்" என்கிறார்.

குடோனில் இதை வாசித்தபோது அண்ணாச்சி குறுக்கே பேசவில்லை. முடிந்ததும் கேட்டார். "பேரு இருக்கா?"

"இல்ல."

"வேலி வருதா?"

"வேலியே வரல அண்ணாச்சி."

"நடந்துச்சா?"

முனியாண்டி தன் காலைப் பார்த்தார். அண்ணாச்சி அங்கேயே உட்கார்ந்து மகளுக்குப் போன் போட்டார். நாங்கள் எழுந்து வெளியே போகப் பார்த்தோம், இருக்கச் சொல்லிக் கை காட்டினார். விஷயத்தை மறைக்காமல் சொன்னார். "ஒனக்கு அந்த வீட்டுல சங்கடம் வரும்மா. வேண்டாம்னு சொன்னா நிறுத்திருவேன்" என்றார். அந்தப் பக்கம் பேச்சு கேட்டது, எங்களுக்கு விளங்கவில்லை. போனை வைத்துவிட்டு, "நீங்க மத்த ஊருக்கெல்லாம் எடுக்கையில யார்கிட்டப்பா கேட்டீக, அப்படிங்கிறா" என்றார். "எடுங்க. நானும் வாரேன்."

படப்பிடிப்புக்கு அவர் வந்தது அந்த ஒரு தடவைதான். பழைய மொபெட்டில், மழை விட்டு அடித்த வெயிலில், தலையில் துண்டு போட்டுக்கொண்டு வந்தார். இறந்தவராக முனியாண்டி உட்கார்ந்தார். மேலதிகாரியாக நான். இருளாயி வந்து முனியாண்டியின் தோளில் கிடந்த துண்டை எடுத்து மடித்து, இடது தோளில் போட்டுவிட்டார். "அவரு இப்பிடித்தேன் போடுவாரு" என்றார். முனியாண்டி கண்ணை இமைக்காமல் இருக்க வேண்டும். முகத்தில் ஈ உட்கார்ந்தது, கன்னத்தில் நடந்தது, அவர் அசையவில்லை.

கடைசியில் அவருக்கான வார்த்தை. அதிகாரி கிளம்பும்போது சம்பிரதாயத்துக்கு, "வேறு ஏதாவது கோரிக்கை உண்டா?" என்று கேட்பார். இறந்தவர் வாய் திறப்பார். "யாரும் தூக்க வேண்டாம்யா. நானே எந்திரிச்சு நடந்து போயிருவேன். வழிய மட்டும் விடச் சொல்லுங்க."

முதல் தடவை முனியாண்டி கெஞ்சுகிற குரலில் சொன்னார். இரண்டாவது தடவையும். அண்ணாச்சி அவர் பக்கத்தில் போய்க் குனிந்தார். "ஏலே, கெஞ்சாத. அது ஒங்க பாதை. பஸ்ஸுல ஒருத்தன் கால நீட்டிட்டு ஒக்காந்திருந்தா எப்படிச் சொல்லுவ? அப்பிடிச் சொல்லு." அடுத்த தடவை முனியாண்டி அப்படித்தான் சொன்னார். அந்தக் குரலுக்கு எதிரில் அதிகாரியாக நின்ற நான் நிஜமாகவே ஓரடி விலகி வழி விட்டேன். அதையே வைத்துக்கொண்டோம்.

சனிக்கிழமை சம்பந்தி கடைக்கு வந்துவிட்டார். யாரோ சொல்லியிருக்கிறார்கள். காரை விட்டு இறங்கும்போதே குரல் பெரிதாக இருந்தது. "என்ன சம்பந்தி, வீட்டு விஷயத்த டிவியில போடுறீகளாம்?"

"பாத்துட்டுப் பேசுங்க" என்றார் அண்ணாச்சி. மேலே அழைத்து வந்து உட்கார வைத்து என்னைப் போடச் சொன்னார். கடைப் பையன்களும் வாசலில் நின்றார்கள். டோக்கன் கிழவி வந்தபோது சம்பந்தி சிரித்தார். பூமாலைக்காரருக்கும் சிரித்தார். கேடயம் கெட்டுவிடும் என்ற இடத்தில் தொடையைத் தட்டிச் சிரித்தார். நல்ல ரசிகர் என்றுதான் சொல்ல வேண்டும். இறந்தவர் வாய் திறந்தார். சம்பந்தியின் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்று, பிறகு எங்கே வைப்பது என்று தெரியாமல் போயிற்று.

"என் வேலியக் காட்டலையே" என்றார், சின்னக் குரலில்.

"ஒங்க வேலின்னு நாங்க சொல்லலையே" என்றார் அண்ணாச்சி.

வாங்கி வைத்த கலரைக் குடிக்காமல் சம்பந்தி எழுந்து போனார். படியில் நின்று திரும்பி, "பொண்ணக் குடுத்தவரு நீங்க. ஞாபகம் இருக்கட்டும்" என்றார். அண்ணாச்சி என்னைப் பார்த்து, "நாளைக்கு நேரத்துக்குப் போட்டுரு" என்றார்.

போட்டேன். பயமாக இருந்ததா என்றால், இருந்தது. ஆனால் போடாமல் விட்டால் இருளாயியின் முகத்தில் எப்படி விழிப்பது என்ற பயம் அதைவிடப் பெரிதாக இருந்தது.

அந்த வீடியோத் துண்டு கைபேசி கைபேசியாகச் சுற்றி, திருச்சுழி தாண்டி எங்கெங்கோ போயிற்று. வேறு ஊர்களிலிருந்தெல்லாம் 'எங்களுக்கும் டோக்கன் வேண்டும்' என்று எழுதினார்கள். சம்பந்தியின் விளம்பரம் நின்றது. அந்தத் தீபாவளிக்கு அண்ணாச்சியின் மகள் பிறந்த வீட்டுக்கு வரவில்லை, பொங்கலுக்கும் அனுப்பவில்லை. பண்டிகை நாட்களில் அண்ணாச்சி கடை வாசலிலேயே நின்றுகொண்டிருந்தார். நான் மேலே போய் அடுத்த வாரத்து வேலையைப் பார்த்தேன்.

மாசியில் சர்வேயர் வருகிறார் என்று தாக்கல் வந்தது. அவர் வருவதற்கு முந்தைய நாள் சம்பந்தி தானே ஆள் வைத்து வேலிக்கல்லைப் பிடுங்கிவிட்டார். மனசு மாறினாரா, ஊர் முன்னால் அளந்தால் மானம் போகும் என்று நினைத்தாரா, எனக்குத் தெரியாது. ஆனியில் மகளை அவரே கொண்டுவந்து விட்டுவிட்டு, கடைக்குள் வராமல் திரும்பிப் போனார் என்பது தெரியும்.

கிராவல் கொட்டிப் பாதை போட்டதும் முனியாண்டி ஆட்டோவில் என்னை அழைத்துப் போனார். சாயங்காலம். காலனிப் பெண்கள் எல்லோரும் தலை சீவிப் பூ வைத்துக் கிளம்பி நின்றார்கள். எங்கள் பக்கத்தில் பெண்கள் சுடுகாட்டுக்குப் போவதில்லை, தெரு முக்கோடு நின்றுவிடுவார்கள். ஒரு பெரியவர் இருளாயியைத் தடுத்து, "பொம்பளைக எங்க போறீக?" என்றார்.

"பாதைக்குப் பேசுனது நாங்க. உசுரோட ஒருதரம் நடந்து பாத்துட்டு வாரோம்" என்றார் இருளாயி.

நடந்தார்கள். நெஞ்சு வலிக்காரியும் நடந்தாள். கணவரை அடக்கம் செய்த இடத்தை இருளாயி அன்றைக்குத்தான் முதன்முதலாகப் பார்த்தார். மண்மேட்டில் முளைத்திருந்த புல்லைப் பிடுங்கிப் போட்டார். பிறகு கையை உதறிக்கொண்டு என் பக்கம் வந்தார்.

"அடுத்து எதப் பத்தி எடுக்கப் போற?"

"இன்னும் யோசிக்கலம்மா."

"திங்கக்கெழம எங்க ரேஷன் கடைக்கு வா. எடை போடுற மிசினு பேசும், நாங்க வாயடச்சு நிப்போம். ஒரு நேரம் நின்னு பாரு."

திங்கட்கிழமை வாசிப்பை மறுநாளைக்குத் தள்ளி வைத்தேன். ஒரு பையை எடுத்துக்கொண்டு முதல் பஸ்ஸில் பரளச்சியில் இறங்கி, அவர்கள் ஊருக்கு நடந்து போய், இருளாயிக்குப் பின்னால் வரிசையில் நின்றேன்.